ஹலீமா ஏடனுக்கு நாம் போட்ட லைக்குகள்

கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் இருப்பவர்கள், குறிப்பாகப் பெண்பிள்ளைகளைப் பெற்றவர்கள், ஆறுதலாக வாசியுங்கள்.

போன மாதம் உயர்தர வகுப்பு முடிந்து பிள்ளைகள் எல்லாரும் போன பிறகு ஒரு மாணவி மட்டும் என் மேசைக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தாள்.

"மிஸ், ஒரு விசயம் கேக்கணும். ஏச மாட்டீங்களே?"

"ஏசுற விசயமா இருந்தா ஏசுவன். சொல்லுங்க மகள்."

டவுனில் ஒரு ஹபாயாக் கடை. வியாபாரத்தில் பாதி பேஸ்புக்கிலும் இன்ஸ்டகிராமிலும்தான் நடக்கிறது. புதிதாக வரும் டிசைன்களை உடுத்திப் போட்டோவுக்கு நிற்க ஒரு பிள்ளை தேவையாம். இவளைக் கேட்டிருக்கிறார்கள். சம்பளம் இல்லை. ஒவ்வொரு தடவையும் ஒரு ஹபாயா சும்மா தருவார்களாம். உம்மா ஓம் என்றுவிட்டார். வாப்பா கத்தாரில், அவருக்கு இன்னும் சொல்லவில்லை.

நான் யோசிப்பதைப் பார்த்துவிட்டு அவளே சொன்னாள்: "ஹபாயாதானே மிஸ். ஷோலும் போட்டுத்தான் எடுப்பாங்க. ஹலீமா ஏடனும் ஷோலோடதானே மொடலிங் செஞ்சாங்க? நீங்களே அவங்கட படத்தப் போட்டிருந்தீங்க எண்டு தாத்தா சொன்னா."

அவளுடைய தாத்தாவும் என்னிடம் படித்தவள்தான். சொன்னது உண்மை. 2018இல் பிரித்தானிய வோக் சஞ்சிகையின் அட்டையில் ஹிஜாபுடன் முதன்முதலாக ஒரு மொடல் வந்தபோது, அந்தப் படத்தை 'மாஷா அல்லாஹ், எங்கள் பிள்ளைகளுக்கு ஒரு முன்மாதிரி' என்று எழுதி என் பக்கத்தில் போட்டேன். 2020 நவம்பரில் அதே ஹலீமா பஷன் மேடையை விட்டு விலகியபோது, 'அல்ஹம்துலில்லாஹ், துன்யாவை உதறிய சகோதரி' என்று இன்னொரு பதிவு. அன்றிரவு வீட்டுக்கு வந்து பழைய பதிவுகளைத் தேடிப் பார்த்தேன். இரண்டுக்கும் நடுவில் இரண்டரை வருடம். இரண்டுக்கும் லைக் போட்டவர்கள் பெரும்பாலும் ஒரே ஆட்கள். அந்தப் பெண்பிள்ளை என்ன வேலை செய்தாள், எந்த நிபந்தனையில் செய்தாள், எது பிழைத்தது என்று இரண்டு தடவையும் நான் தேடிப் பார்க்கவில்லை. நாங்கள் யாருமே பார்க்கவில்லை.

ஆகவே இந்தத் தடவை பார்த்தேன். அவருடைய நேர்காணல்கள், முக்கியமாக 2021 ஜனவரியில் பிபிசியில் வந்தது, விலகும்போது அவரே எழுதியவை எல்லாவற்றையும் உட்கார்ந்து வாசித்தேன். அதில் விளங்கியதைத்தான் எழுதுகிறேன்.

ஹலீமா பிறந்தது 1997இல், கென்யாவின் வடமேற்கு மூலையில் உள்ள ககுமா அகதி முகாமில். உம்மா சோமாலியாவின் உள்நாட்டு யுத்தத்துக்குத் தப்பி வந்தவர். இடம்பெயர்ந்து முகாமில் இருந்தவர்களுக்கு இதை நான் விளக்கத் தேவையில்லை. 1990இல் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்டுப் புத்தளத்துக்கு வந்தவர்களின் பிள்ளைகளைக் கேளுங்கள், முகாமில் பிறப்பது என்றால் என்னவென்று சொல்வார்கள். ஆறேழு வயதில் குடும்பம் அமெரிக்கா போகிறது. முதலில் மிசூரியில் சென்ட் லூயிஸ், பிறகு மினசோட்டாவில் சென்ட் கிளவுட். சோமாலியர்கள் அதிகம் குடியேறிய மாநிலம் அது. பாடசாலையில் மற்றப் பிள்ளைகள் வாக்களித்து இவரை 'ஹோம்கமிங் குயின்' ஆக்குகிறார்கள். அங்கே அது பெரிய மரியாதை. உம்மாவுக்கு அதில் பெரிய சந்தோசம் இல்லை. கிரீடம் தருவதென்றால் மார்க்ஸுக்குத் தரட்டும் என்ற சாதி உம்மா. எனக்கு அந்த உம்மாவை மிகவும் பிடித்துப்போனது.

2016 கடைசியில் மிஸ் மினசோட்டா போட்டி. அதில் ஹிஜாபுடனும், நீச்சல் உடைச் சுற்றில் உடம்பு முழுக்க மூடும் புர்கினியுடனும் முதன்முதலில் மேடையேறியவர் இவர். வெல்லவில்லை, அரையிறுதி வரை வந்தார். அந்தப் படங்கள் உலகம் முழுக்கச் சுற்றின. பஷன் உலகில் பெரிய கையான கரீன் ரோய்ட்பெல்ட் என்ற பிரெஞ்சு சஞ்சிகை ஆசிரியையின் கண்ணில் பட்டது. அடுத்த சில மாதங்களில் ஐஎம்ஜி என்ற உலகின் முன்னணி மொடல் நிறுவனத்துடன் ஒப்பந்தம். 2017 பெப்ரவரியில் நியூயோர்க்கில் கன்யே வெஸ்டின் ஷோ, அதே மாதம் இத்தாலியின் மிலான் நகரில் மக்ஸ் மாரா, அல்பேர்ட்டா பெரெட்டி ஷோக்கள்.

அந்தக் காலத்தில் அவர் செய்துகொண்டிருந்த வேலை என்ன தெரியுமா? சென்ட் கிளவுட் ஆஸ்பத்திரியில் துப்புரவு வேலை. பல்கலைக்கழகத்தில் படித்துக்கொண்டே விடியற்காலையில் எழுந்து போய் ஆஸ்பத்திரி அறைகளைக் கழுவிய பிள்ளை. வயது 19.

எங்கள் பதிவுகளில் இது ஒருபோதும் வந்ததில்லை. வோக் அட்டை வந்தது, ஆஸ்பத்திரி வாளி வரவில்லை.

இன்னொன்றையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 2017 ஜனவரி 27இல் ட்ரம்ப் ஏழு முஸ்லிம் நாடுகளைச் சேர்ந்தவர்கள் அமெரிக்காவுக்குள் வரத் தடை போட்டார். ஏழில் சோமாலியாவும் ஒன்று. அடுத்த மாதமே நியூயோர்க் மேடையில் சோமாலிய அகதிப் பிள்ளை ஹிஜாபுடன் நடக்கிறாள். நாங்கள் ஏன் அவ்வளவு சந்தோசப்பட்டோம் என்பதற்கு இதுதான் காரணம். எங்களை வேண்டாம் என்று சொல்கிற உலகத்தில் ஒருத்தி தலை மூடிக்கொண்டு நிமிர்ந்து நடந்தாள். அந்தச் சந்தோசத்தைப் பிழை என்று நான் இப்போதும் சொல்ல மாட்டேன்.

ஆனால் கம்பனிகளுக்கு வேறு கணக்கு இருந்தது. நான் கொமர்ஸ் படிப்பிக்கிறவள், அதனால் இந்தப் பக்கம் கண் போகாமல் இருக்காது. 2015இல் எச் அண்ட் எம் தன் விளம்பரத்தில் ஹிஜாப் அணிந்த ஒரு லண்டன் பெண்ணைப் போட்டது. 2016 ஜனவரியில் டொல்சே அண்ட் கபானா ஹபாயா வகைகளை இறக்கியது. 2017இல் நைக்கி விளையாட்டு ஹிஜாபை அறிவித்தது. முஸ்லிம்கள் வருடாவருடம் உடுப்புக்குச் செலவழிப்பது நூற்றுக்கணக்கான பில்லியன் டொலர் என்ற மதிப்பீடுகள் அப்போது எல்லா வியாபாரச் சஞ்சிகைகளிலும் வந்துகொண்டிருந்தன. ஒரு புதிய சந்தை திறக்கிறது என்றால் அதற்கு ஒரு முகம் வேண்டும். ஹலீமா அந்த நேரத்தில் வந்த முகம். திறமை இல்லை என்று சொல்லவில்லை. திறமையும் சந்தையும் ஒரே வாசலில் சந்தித்தன.

இனி ஒப்பந்த விடயம்.

ஐஎம்ஜியுடன் கையெழுத்து வைக்கும்போது ஹலீமா ஒரு நிபந்தனை போட்டார்: ஹிஜாபைக் கழற்றச் சொல்லக் கூடாது. நிறுவனம் ஒத்துக்கொண்டது. 19 வயதில், ஆஸ்பத்திரி துப்புரவுச் சம்பளத்தில் வாழும் ஒரு பிள்ளை, உலகின் பெரிய நிறுவனத்துக்கு முன்னால் இருந்து இதைச் சொல்ல எவ்வளவு துணிவு வேண்டும்! ஆரம்பத்தில் அது நன்றாகவே நடந்தது. நியூயோர்க்கில் முதல் படப்பிடிப்புக்கு ஒரு சூட்கேஸ் நிறைய தன் சொந்த ஹிஜாபுகளையும் நீளச் சட்டைகளையும் கட்டிக்கொண்டு போனார். உடை மாற்ற அவருக்கென்று தனியாக மறைப்பு வைத்துக் கொடுத்தார்கள். ரிஹானாவின் பென்டி பியூட்டி விளம்பரத்தில் தான் கொண்டுபோன ஹிஜாபையே அணிய விட்டார்கள் என்று பிற்காலத்தில் நன்றியோடு சொல்கிறார்.

பிறகு என்ன நடந்தது என்றால், யாரும் 'ஹிஜாபைக் கழற்று' என்று சொல்லவே இல்லை. ஒப்பந்தம் ஒரு எழுத்துக்கூட மீறப்படவில்லை.

ஒரு நாள் ஸ்டைலிஸ்ட் கொண்டுவந்த துணியைத் தலையில் சுற்றினார்கள். இன்னொரு நாள் கழுத்து தெரிந்தது. இன்னொரு நாள் நெஞ்சு மூடுகிற பகுதி இல்லாமல் போனது. கடைசியில் ஒரு அமெரிக்க ஜீன்ஸ் கம்பனியின் விளம்பரத்தில் முக்காட்டுக்குப் பதிலாக ஜீன்ஸ் துணியையே தலையில் கட்டிவிட்டார்கள். பேருக்குத் தலை மூடியிருக்கிறது. ஒப்பந்தமும் அப்படியே இருக்கிறது. ஆனால் சூட்கேஸோடு வந்த பிள்ளை அங்கே இல்லை. படப்பிடிப்பு முடிந்து ஹோட்டல் அறைக்குப் போய் அழுதிருக்கிறார். தொழுகை நேரங்கள் தவறியிருக்கின்றன.

ஏன் அந்த இடத்திலேயே மாட்டேன் என்று சொல்லவில்லை என்று கேட்பவர்கள், அப்படியான ஓர் இடத்தைக் கொஞ்சம் கற்பனை செய்து பாருங்கள். காலையில் போகிறீர்கள். போட்டோ எடுப்பவர், அவருடைய உதவியாளர்கள், மேக்கப் செய்பவர், தலை அலங்காரம் செய்பவர், உடுப்பைத் தெரிவு செய்யும் ஸ்டைலிஸ்ட், கம்பனிக்காரர், சஞ்சிகைக்காரர் என்று ஒரு கூட்டமே நிற்கிறது. வாடகை மணிக்கணக்கில் ஓடுகிறது. எல்லாரும் உங்களுக்காகக் காத்திருக்கிறார்கள். தலையில் ஏதோ சுற்றிவிட்டு 'அழகாக இருக்கிறது' என்கிறார்கள். அந்த இடத்தில் முஸ்லிம் பெண் நீங்கள் ஒருத்திதான். இது முக்காடு இல்லை என்று சொல்ல வேண்டும். எத்தனை பேரால் முடியும்? ஸ்டாப் மீட்டிங்கில் அதிபர் ஒன்று சொன்னால் எழும்பி நின்று மறுத்துப் பேச 40 வயதில் எனக்கே நாக்கு ஒட்டிக்கொள்கிறது.

விலகும்போது ஹலீமா முதலில் குற்றம் சாட்டியது தன்னைத்தான். கிடைத்த வாய்ப்பைப் பார்த்தேன், எதை விட்டுக்கொடுக்கிறேன் என்று பார்க்கவில்லை என்ற கருத்தில் எழுதினார். அடுத்ததாக அவர் சொன்னதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. அந்தத் தொழிலில் முஸ்லிம் பெண் ஸ்டைலிஸ்ட்கள் இல்லை, அதனால் ஹிஜாப் என்றால் என்னவென்று பக்கத்தில் நின்று சொல்ல ஒருவரும் இல்லை என்றார். இதை நான் இரண்டு மூன்று தடவை வாசித்தேன். கடதாசியில் ஒரு வரி இருந்தது. அந்த வரிக்காகப் பேச அறையில் ஆள் இல்லை.

அந்தத் தொழிலின் அமைப்பையும் சொல்ல வேண்டும். அமெரிக்காவில் மொடல்கள் பெரும்பாலும் நிரந்தர ஊழியர்கள் இல்லை. ஒவ்வொரு வேலைக்கும் தனித்தனியாகக் கூலி பெறும் சுயாதீனக்காரர்கள். நிறுவனம் அவர்கள் உழைப்பில் வழமையாக 20 வீதம் கொமிஷன் எடுக்கும். விளம்பரத்தில்தான் நல்ல காசு. பேர் வாங்கித் தரும் சஞ்சிகை வேலைகளுக்குக் கிடைப்பது மிகக் குறைவு. நியூயோர்க் மாநிலமே இவர்களைப் பாதுகாக்க ஒரு சட்டம் கொண்டுவந்தது 2024 டிசம்பரில்தான், நடைமுறைக்கு வந்தது 2025 ஜூனில். கொமிஷன் 20 வீதத்தைத் தாண்டக் கூடாது, வேலை தொடங்க 24 மணித்தியாலத்துக்கு முன்னாவது நிபந்தனைகளை எழுத்தில் கொடுக்க வேண்டும், ஒருவரின் உருவத்தைக் கம்பியூட்டரில் உருவாக்கிப் பாவிக்க அவருடைய எழுத்து மூலமான சம்மதம் வேண்டும் என்றெல்லாம் அதில் இருக்கிறது. எழுத்தில் கொடு என்று சொல்வதற்கே அங்கு ஒரு சட்டம் தேவைப்பட்டிருக்கிறது. ஹலீமா மேடையேறியபோது அதுவும் இல்லை.

அவர் சொன்னவற்றில் என்னைத் தூங்கவிடாமல் செய்த விடயம் இரண்டு.

முதலாவது, தனக்குப் பிறகு வந்த ஹிஜாப் அணிந்த மொடல்கள் பற்றியது. பேர் பெற்றவர் என்பதால் இவருக்குத் தனி மறைப்பு இருந்தது. பிறகு வந்த பிள்ளைகளிடம், பாத்ரூம் ஒன்றைத் தேடி அங்கே மாற்றிக்கொள் என்று சொன்னதைக் கண்டிருக்கிறார். இவரைப் பார்த்துத்தான் அந்தப் பிள்ளைகள் தைரியமாக வந்தார்கள். வந்த பிறகு அவர்களைக் கவனிக்க யாரும் இல்லை. தான் திறந்த வாசலால் வந்தவர்கள் எங்கே போய் நிற்கிறார்கள் என்று பார்த்தபோதுதான் மனசு உடைந்திருக்கிறது.

இரண்டாவது ககுமா. 2018இல் யுனிசெப் தூதுவராக அவர் அந்த முகாமுக்கே திரும்பிப் போனார். சின்ன வயதில் முகாமுக்குப் பெரிய ஆட்கள் யாராவது வந்தால் பிள்ளைகளை நிறுத்திப் பாட்டும் ஆட்டமும் காட்டச் சொல்வார்களாம், கமெராக்கள் எடுக்குமாம். இன்னும் அப்படித்தான் நடக்கிறதா என்று முகாம் பிள்ளைகளிடம் கேட்டிருக்கிறார். ஓம், ஆனால் இந்தத் தடவை உங்களுக்காக என்று சொல்லியிருக்கிறார்கள். யாருக்கு முன்னால் ஆடினாரோ அந்தக் கதிரையில் இப்போது தானே இருப்பதைக் கண்டார். தன் வாழ்க்கைக் கதையை நிறுவனங்கள் பாவித்தது போதும் என்ற முடிவுக்கு வர அதுவும் ஒரு காரணம்.

இந்த இரண்டையும் நாங்கள் பகிரவில்லை. எங்களுக்குத் தேவையாக இருந்தது 'பஷன் உலகை உதறிய சகோதரி' என்ற ஒரே ஒரு வரி. பின்னணியில் நஷீத் போட்ட வீடியோக்கள் வட்ஸ்அப்பில் சுற்றின. என் குடும்பக் குரூப்பில் மட்டும் நாலு தடவை வந்தது.

2019ஐப் பற்றியும் சொல்லிவிடுகிறேன், மறைக்க விருப்பமில்லை. அந்த வருடம் ஸ்போர்ட்ஸ் இலஸ்ட்ரேட்டட் என்ற அமெரிக்கச் சஞ்சிகையின் நீச்சல் உடைச் சிறப்பிதழில் ஹிஜாபும் புர்கினியுமாக ஹலீமாவின் படங்கள் வந்தன. அவர் பிறந்த கென்யாவின் கடற்கரையிலேயே எடுத்தவை. அந்தச் செய்தி வந்தது எங்கள் நாட்டில் ஈஸ்டர் குண்டுவெடிப்பு நடந்த வாரங்களில். முகம் மூடத் தடை வந்திருந்தது. முகம் மூடாமல் வெறும் ஷோல் போட்ட நாங்களும் பஸ்ஸில் ஏறப் பயந்தோம். சில கடை வாசல்களில் திருப்பி அனுப்பினார்கள். ஒரு பக்கம் ஷோல் போட்டதற்காக என்னை ஏற இறங்கப் பார்க்கிறார்கள், இன்னொரு பக்கம் அதே ஷோல் நீச்சல் உடைச் சஞ்சிகைக்கு அலங்காரமாகிறது. அதைப் பற்றி ஒரு வரியும் போடவில்லை. பெருமைப்படவும் முடியவில்லை, ஏசவும் மனம் வரவில்லை. அந்தக் குழப்பத்திலாவது உட்கார்ந்து யோசித்திருந்தால் 2020இல் அந்த இரண்டாம் பதிவை அவ்வளவு அவசரமாகப் போட்டிருக்க மாட்டேன்.

விலகிய பிறகும் அவர் கதை முடியவில்லை. 2021இல் மொடானிஸா என்ற துருக்கி நிறுவனத்துடன் சேர்ந்து ஸ்கார்ப் வகைகளை வடிவமைத்தார். அதாவது உடுப்புத் தொழிலை வெறுத்து ஓடவில்லை. முக்காடு எப்படி இருக்க வேண்டும் என்று தானே தீர்மானிக்கிற இடத்துக்குப் போய்விட்டார். தவ்பா பதிவுகள் போட்ட யாரும் இதைப் பகிர்ந்ததாக நான் காணவில்லை. எங்கள் வரிக்குள் அது அடங்கவில்லை போலும்.

அவருடைய உம்மா மொடலிங்கை விடச் சொல்லி மகளிடம் நெடுநாளாகக் கேட்டுக்கொண்டிருந்தவர். கமெராவுக்கு முன்னால் வரவும் மறுத்து வந்தவர். மகள் விலகிய பிறகுதான் அவளோடு சேர்ந்து ஒரு படப்பிடிப்புக்கு ஓம் என்றாராம். அதை வாசித்தபோது கண் கலங்கியது. அந்த உம்மாவுக்குப் போட்டோ மட்டும்தான் பிரச்சினை என்று இனி யாராவது என்னிடம் சொல்லட்டும்.

கமெண்டில் என்ன வரும் என்று எனக்குத் தெரியும். மொடலிங் ஹராமா ஹலாலா, அதைச் சொல்லுங்கள் என்பீர்கள். அது மார்க்கம் படித்தவர்களிடம் கேட்க வேண்டிய கேள்வி. ஆசிரியை நான் பத்வா கொடுக்க வரவில்லை. ஆனால் ஒன்று. எங்கள் ஊர்களில் ஹபாயாக் கடைப் பக்கங்கள் எத்தனை இருக்கின்றன, அவற்றில் எத்தனை இளம் பிள்ளைகள் நிற்கிறார்கள் என்று பாருங்கள். வாங்குவதும் நாங்கள், 'விலை இன்பொக்ஸ்' என்று கேட்பதும் நாங்கள். அந்தப் பிள்ளையைப் பற்றிக் கீழே அசிங்கமாக எழுதுகிறவர்களும் எங்கள் ஆட்கள்தான். பெருநாளைக்கு அந்த ஹபாயாவை வாங்கி உடுத்திக்கொண்டு, அதைப் போட்டு நின்றவளை மட்டும் ஏசுவது எனக்கு ஒத்துவரவில்லை. நானும் அப்படி ஒரு பக்கத்தில் போன நோன்புப் பெருநாளைக்கு வாங்கினேன். நின்ற பிள்ளை யார், என்ன கொடுத்தார்கள் என்று நானும் கேட்கவில்லை.

என் மாணவியிடம் வருகிறேன். அடுத்த நாள் இடைவேளையில் கூப்பிட்டேன். செய், செய்யாதே என்று இரண்டும் சொல்லவில்லை. ஒரு கொப்பித் தாளைக் கொடுத்து எழுதச் சொன்னேன்.

போட்டோ எடுப்பது ஆணா பெண்ணா? அந்த நேரம் உம்மா பக்கத்தில் நிற்கலாமா? உடுப்பு மாற்றுவது எங்கே, அந்த அறைக்குப் பூட்டு இருக்கிறதா? ஷோலைக் கட்டுவது நீங்களா வேறு ஆளா? எடுத்த படங்களைப் போட முன் உங்களுக்குக் காட்டுவார்களா? எத்தனை மாதம் பாவிப்பார்கள்? வேறு கடைக்கு, வேறு நாட்டுக்குப் பக்கங்களுக்கு விற்பார்களா? நாளைக்குக் கல்யாணம் பேசும்போதோ தொழிலுக்குப் போகும்போதோ எடுத்துவிடுங்கள் என்றால் எடுப்பார்களா? அசிங்கமான கமெண்ட்களை யார் அழிப்பது? ஒரு ஹபாயாவின் அடக்கவிலை அவர்களுக்கு என்ன, உங்கள் ஒரு நாள் அவர்களுக்கு எவ்வளவு விற்றுக் கொடுக்கிறது? இதெல்லாம் தாளில் எழுதிக் கையெழுத்து வைப்பார்களா? முதலாவது இதையெல்லாம் வாப்பாவுக்கு வொயிஸ் மெசேஜில் நீங்களே சொல்லுவீங்களா?

கடைசிக் கேள்விக்குத்தான் முகம் மாறியது. மற்றதெல்லாம் எழுதினாள்.

மூன்று நாளுக்குப் பிறகு வந்தாள். வாப்பாவிடம் சொல்லியிருக்கிறாள். அவர் ஏசவில்லையாம், கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, மிஸ் கொடுத்த தாளை எனக்கும் அனுப்பு என்றாராம். உம்மாவும் மகளும் தாளோடு கடைக்குப் போயிருக்கிறார்கள். கடைக்காரர் சிரித்துவிட்டு, "என்ன மகள், கொலிவூட்டுக்கா போறீங்க?" என்று கேட்டிருக்கிறார். யோசித்துச் சொல்வதாகச் சொன்னவரிடமிருந்து பிறகு ஒரு பதிலும் இல்லை.

போன வெள்ளிக்கிழமை இரவு அவளிடமிருந்து வட்ஸ்அப்பில் ஒரு ஸ்கிரீன்ஷொட் வந்தது. அந்தக் கடையின் புதிய பதிவு. இவளுக்குக் காட்டிய அதே மெரூன் ஹபாயாவில் வேறொரு பிள்ளை. பார்க்க இவளை விடச் சின்னவள். கீழே இவளுடைய கேள்வி மட்டும்: "மிஸ், இவ கேட்டிருப்பாளா?"

அந்தப் பிள்ளை எங்கள் பாடசாலை இல்லை, விசாரித்துப் பார்த்துவிட்டேன். ஊரில் யாருக்காவது அப்படி ஒரு பிள்ளையைத் தெரிந்தால் அவளுடைய உம்மாவோடு மெதுவாகப் பேசுங்கள், அந்தக் கேள்விகளைக் கொடுங்கள். கடையின் பெயரைக் கேட்டு இன்பொக்ஸ் வர வேண்டாம். அந்தப் படத்தைக் கமெண்டில் யாரும் போடவும் வேண்டாம், போட்டால் அழித்துவிடுவேன்.